எப்ப வந்த, எப்ப போற?

எங்கள் சுந்தரபாண்டியபுரத்து ஆட்களை இரண்டு விதமாக எண்ணுகிறார்கள். அரசாங்கம் 2011 பிப்ரவரியில் வீடு வீடாக வந்து, அங்கே குடியிருப்பவர்களை மட்டும் எழுதிக்கொண்டு போனது. சென்னைக்கும் மும்பைக்கும் பிழைக்கப் போனவன் போன இடத்துக் கணக்கில் சேர்ந்தான். ஊரில் அவன் வீடு பூட்டிய வீடு. இன்னொன்று கோயில் கொடை விழாவுக்கான தலைக்கட்டு வரி நோட்டு. ஊரைவிட்டுப் போய் முப்பது வருஷமானவன் பேரும் அதில் இருக்கும். வரி கட்டினால் ஊர்க்காரன்.

என்னைப்போல் வெளியேறியவர்களுக்கு மனசு நோட்டின் பக்கம்தான் சாயும். ஆனால் அந்த நோட்டை நிதானமாகப் பார்க்க வேண்டும். குடும்பத்துக்கு ஓர் ஆண் பெயர். பொழுதெல்லாம் பீடி சுற்றிக் குடும்பத்தைக் காப்பாற்றும் பெண்ணுக்கு அதில் தனி வரி கிடையாது. வாடகைக்கு வந்து குடியேறியவருக்கும் இடமில்லை. அது ஊரின் கணக்கல்ல, ஒரு சமுதாயத்தின் கணக்கு.

அரசாங்கக் கணக்கும் லேசுப்பட்டதல்ல. பக்கத்துச் செங்கோட்டையில் வாசல்படி தாண்டாதவர்களும் 1956 நவம்பர் 1 அன்று திருவிதாங்கூர்-கொச்சியிலிருந்து சென்னை மாநிலத்துக்கு வந்து சேர்ந்தார்கள். எங்கள் விலாசத்தில் இருந்த திருநெல்வேலி 2019 நவம்பர் 22 அன்று தென்காசியாகிவிட்டது. இருந்த இடத்திலேயே நாடு மாறுவது வெளிநாட்டிலும் உண்டு: ருமேனியாவில் கரேய் என்றொரு சிறு நகரம். 1920இல் ஹங்கேரியிடமிருந்து ருமேனியாவுக்குப் போய், 1940இல் திரும்பி, 1944இல் மறுபடி ருமேனியர் கைக்கு வந்தது. அங்கே யார் எந்த மொழி பேசுகிறார்கள் என்ற கணக்கை ஒவ்வொரு அரசும் தன் உரிமைக்குச் சாட்சியாக எடுத்து நீட்டியது. நம் பக்கம் எல்லை மாறியது சட்டத்தால்; அங்கே போரால். பாக்கியசாலிகள் நாம்.

இருந்தும் நான் அரசாங்கக் கணக்கின் கட்சிதான். ஊர் என்பது அங்கே தண்ணீர் பிடிப்பவர்களுடையது. 'ரோஜா' படத்தில் ஊரின் பேர் வந்ததைச் சொல்லி நாங்கள் வெளியூரில் பெருமை பேசுகிறோம். ஊர் வயல்களில் சூரியகாந்தி பூக்கும் ஜூலை, ஆகஸ்டில் கேரளத்திலிருந்து காரில் வந்து படமெடுத்துப் போகிறார்கள். அவர்கள் செடியை மிதிக்கிறார்கள் என்று கோபப்படும் நாங்களும் கொடைக்கு வந்து அதே வயலில் நின்று படமெடுத்துக்கொண்டுதான் பஸ் ஏறுகிறோம். விதை என்ன விலைக்குப் போகிறது என்று கேட்பதில்லை. ஆனால் வயலை யாராவது பிளாட் போட விற்றால், "ஊர் கெட்டுப்போச்சு" என்று வாட்ஸ்அப்பில் முதலில் புலம்புவதும் நாங்கள்தான். விவசாயம் கட்டுப்படியாகாதவன் எங்கள் நினைவுக்காக அதைக் காத்துக்கொண்டிருக்க வேண்டுமா?

டீக்கடையில் என்னைப் பார்த்ததும் பெரியவர்கள் ஒரே மூச்சில் கேட்பார்கள்: "எப்ப வந்த, எப்ப போற?" முன்பெல்லாம் அந்த இரண்டாவது கேள்வி சுருக்கென்று தைக்கும். இப்போது அது நியாயமாகவே படுகிறது. தலைக்கட்டு வரி எனக்குக் கொடையில் ஒரு பங்கைத் தரலாம். வயலை என்ன செய்வது என்று சொல்லும் உரிமையைத் தராது. அடுத்த கணக்கெடுப்பு 2027இல். அதில் நான் சென்னைக்காரன்.