பின்னம் போகும் வழியும் தசமம் திரும்பும் வழியும்

சயின்டிஃபிக் கால்குலேட்டரில் 3/8 என்று உள்ளிட்டு, எஸ்-டி என்று பொறித்த விசையை அழுத்தினால் 0.375 வரும். மறுபடி அழுத்தினால் 3/8 திரும்பும். ஒரே எண்ணுக்கு இரண்டு வடிவம் என்று பள்ளியில் சொல்லித் தருகிறார்கள். 3/8ஐப் பொறுத்தவரை அது குறையில்லாத உண்மை. 1/7ஐ உள்ளிட்டுப் பார்த்தால்தான் சிக்கல் தெரியும். திரையில் 0.1428571429 என்று வருகிறது. விசையை மறுபடி அழுத்தினால் 1/7 வந்துவிடுகிறது. ஆனால் திரையில் நின்ற அந்த எண் 1/7 இல்லை. அதை 7ஆல் பெருக்கினால் 1.0000000003 கிடைக்கும். அதே பத்து இலக்கங்களைக் கையால் தட்டி அதே விசையை அழுத்தினால் 1/7 வருவதும் இல்லை. அப்படியானால் திரும்பி வந்த 1/7 எங்கிருந்து வந்தது? அதைச் சொல்ல இயந்திரத்துக்கு என்ன ஆதாரம்? ஒரு விசையின் அடியில் அறிவைப் பற்றிய பழைய கேள்வி ஒன்று கிடக்கிறது.

முதலில் போகும் வழி. பின்னத்தைத் தசமமாக்குவது வெறும் வகுத்தல். 1ஐ 7ஆல் வகுக்கும்போது மீதியாக 1க்குப் பிறகு 3, 2, 6, 4, 5 ஆகியவை முறையே வந்து, மறுபடி 1 வருகிறது. பழைய மீதி திரும்பிவிட்டால் பழைய இலக்கங்களும் அதே வரிசையில் திரும்பியாக வேண்டும். ஆகவே 142857 என்பது முடிவே இல்லாமல் சுழலும். 7ஆல் வகுக்கும்போது பூச்சியம் தவிர ஆறு மீதிகளே இருக்க முடியும் என்பதால், எங்கோ ஓரிடத்தில் இது நடந்தே தீரும். ஆறு படி கணக்குப் போட்டவர் கோடியாவது இலக்கத்தையும் ஐயமில்லாமல் சொல்லிவிடலாம். முடிவில்லாத ஒன்றைப் பற்றி முடிவுள்ள உழைப்பால் உறுதியான அறிவு கிடைப்பது சாதாரணச் செய்தி இல்லை. அந்த அறிவைத் தருவது திரையில் தெரியும் இலக்கங்கள் என்று நினைப்பது தவறு. மீதிகளைப் பற்றிய நியாயம்தான் அதைத் தருகிறது.

எந்தப் பின்னம் முடியும், எது முடியாது என்பதும் வகுக்காமலே தெரியும். சுருக்கிய பின்னத்தின் பகுதியில் 2, 5 தவிர வேறு பகாக் காரணி இல்லையென்றால் தசமம் முடிந்துவிடும். தமிழ்க் கணக்கில் வழங்கிய அரைக்கால் (1/8), மாகாணி (1/16), மா (1/20), காணி (1/80), முந்திரி (1/320) எல்லாமே இந்த வகை. 320 என்பது ஆறு 2களும் ஒரு 5ம் பெருக்கிய எண். எனவே முந்திரி சரியாக 0.003125, அதற்குமேல் ஒன்றும் மிச்சமில்லை. முந்திரியில் முந்திரியான கீழ்முந்திரி, அதாவது 1/102400, அதுவும் முடியும். நெல்லும் நிலமும் அளக்கப் பிறந்த இந்த வரிசையைக் கால்குலேட்டர் கொஞ்சமும் சிதைக்காமல் தசமமாக்கிவிடுகிறது.

1/3 அப்படி இல்லை. ஆனால் பழைய பாபிலோனியர் போல அறுபதின் அடிப்படையில் எழுதினால், 1/3 என்பது அறுபதில் இருபது. ஒரே இலக்கத்தில் முடிந்துவிடும். 1/7 அங்கேயும் முடியாது. ஏழை அடிப்படையாக வைத்தால் அதுவும் முடியும். ஆக, 0.333 என்று நீளும் முடிவின்மை மூன்றில் ஒன்றின் குணம் இல்லை. பத்து பத்தாக எண்ணும் வழக்கத்தின் குணம் அது. மூன்று பேருக்கு ஒரு ரொட்டியைப் பங்கிடும்போது முடிவிலி எதுவும் குறுக்கே வருவதில்லை. எழுதும் முறையிலிருந்து வந்ததை எண்ணின் மேல் ஏற்றிச் சொல்வது, பார்ப்பவன் கண்ணில் உள்ள நிறத்தைப் பொருளுக்குச் சூட்டுவதாகும்.

தசமத்தை ஐரோப்பாவில் பரப்பிய சைமன் ஸ்டீவின் இதை அறிந்தே இருந்தார். 1585இல் லெய்டனில் வெளிவந்த 'டி தீண்டே' என்ற சிறு நூலில், 4ஐ 3ஆல் வகுத்தால் மூன்றுகள் முடிவில்லாமல் வரும் என்பதைக் குறிப்பிட்டு, வேலைக்குத் தேவையான நெருக்கம் கிடைத்ததும் நிறுத்திக்கொள்ளலாம் என்கிறார். நில அளவையாளருக்கும் வணிகருக்கும் எழுதியவருக்கு அது போதும். தத்துவத்துக்குப் போதாது. மூன்றுகள் எல்லாம் ஏற்கெனவே இருக்கின்றனவா, அல்லது எழுத எழுத உண்டாகின்றனவா? அரிஸ்டாட்டில் இரண்டாவதைத்தான் ஏற்றார்: முடிவிலி என்பது மேலும் மேலும் தொடரக்கூடிய இயல்பு, முழுமையாக நின்றுவிட்ட பொருள் இல்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் கான்டர் முடிவிலியை முழுப்பொருளாகவே எடுத்துக் கணக்கிட்டார். இருபதாம் நூற்றாண்டில் பிரௌவர் அதை மறுத்து, கட்டிக் காட்டக்கூடியதை மட்டுமே ஏற்றார். 1/3 விஷயத்தில் இந்தச் சண்டை அவ்வளவு கடுமையாக வேண்டியதில்லை. மூன்றுகளை வரிசையாகச் சேர்த்துக்கொண்டே போனால் 1/3ஐ எவ்வளவு வேண்டுமானாலும் நெருங்கலாம், வேறு எந்த எண்ணையும் அப்படி நெருங்க முடியாது. 'சமம்' என்ற குறி இங்கே சொல்வது அவ்வளவுதான். 0.999… என்பது 1க்குச் சமம் என்று கேட்டு மாணவர்கள் திகைப்பதும் இதே இடத்தில்தான். அவர்களின் திகைப்பு நியாயமானது. விளக்காமல் விதியாகத் திணிப்பதே தவறு.

இனித் திரும்பும் வழி. இதில்தான் பொருள் கனக்கிறது. உள்ளிட்ட 1/7ஐ இயந்திரம் பின்னமாகவே நினைவில் வைத்திருந்தால், திரும்பக் கொடுப்பதில் அதிசயம் ஒன்றுமில்லை. வெறும் இலக்கங்களிலிருந்து பின்னத்தைக் கண்டுபிடிக்க வேண்டும் என்றால் அது வேறு வேலை. கையாலேயே செய்து பார்க்கலாம். 0.352941176 என்ற தசமம் எந்தப் பின்னம்? தலைகீழாக்கினால் 2.8333333 வரும். 2ஐ நீக்கி, மிஞ்சிய 0.8333333ஐத் தலைகீழாக்கினால் 1.2. 1ஐ நீக்கி 0.2ஐத் தலைகீழாக்கினால் 5, அதோடு முடிந்தது. இப்போது வந்த வழியே திரும்பினால் 1⅕, அதாவது 6/5. அதன் தலைகீழ் 5/6. 2ஐக் கூட்ட 17/6. அதன் தலைகீழ் 6/17. அழகான முறை. ஆனால் 1.2 என்று எழுதிய இடத்தில் திரை உண்மையில் 1.199999995 போன்ற ஏதோ ஒன்றைக் காட்டியிருக்கும். அந்தக் கடைசித் துளியைப் புறக்கணிக்கலாம் என்று தீர்மானித்தது கணக்கு இல்லை, கணக்குப் போட்டவர்.

ஒரே பத்து இலக்கங்களைக் காட்டும் பின்னங்கள் எண்ணிறந்தவை. அவற்றில் எளியதைத் தேர்வதை இந்தியத் தருக்கம் லாகவம் என்ற பெயரில் ஒரு நெறியாகவே போற்றியது. எளிமை மட்டும் உண்மைக்குச் சான்றாகாது. அதற்குத் துணையாக ஒரு நிபந்தனை வேண்டும். பகுதி 10,000க்கும் குறைவு என்று தெரிந்தால், அத்தகைய இரு வேறு பின்னங்களுக்கு இடையே பத்துக் கோடியில் ஒரு பங்குக்கு மேல் இடைவெளி இருக்கும். பத்துத் தசம இடங்கள் அவற்றைத் தெளிவாகப் பிரித்துவிடும், விடை ஒன்றே ஒன்றுதான். நிபந்தனை இல்லையென்றால் உறுதியும் இல்லை. அந்த நிபந்தனை இலக்கங்களுக்குள் எழுதியிருக்காது. வெளியிலிருந்துதான் வர வேண்டும். புகையைக் கண்டு நெருப்பை ஊகிப்பவனுக்கு, புகை உள்ள இடமெல்லாம் நெருப்பு உண்டு என்ற தொடர்பு முன்பே தெரிந்திருக்க வேண்டும் என்று நியாயத் தருக்க மரபினரான நையாயிகர் வலியுறுத்தியதும் இதையே.

அந்தத் தொடர்பு அறுந்தால் என்ன ஆகும் என்பதற்கு ஓர் உதாரணம் இருக்கிறது. காசியோவின் சில மாடல்களில் 11இன் ஆறாம் அடுக்கை 13ஆல் வகுத்தால், விடையாக 156158413/3600ஐப் பை (π) என்ற எண்ணால் பெருக்கிய தொகை திரையில் வரும். உண்மையான விடை 1771561/13, அதாவது 136273.923076923… இயந்திரம் சொன்ன தொகை 136273.923076955… ஏழு தசம இடங்கள்வரை இரண்டும் ஒன்றாகவே போகின்றன, எட்டாவதில் பிரிகின்றன. பத்து இலக்கத் திரையில் இந்த வேறுபாடு தெரியவே தெரியாது. ஆனால் தவறு என்று கண்டுபிடிக்க எட்டாவது இடம்வரை போக வேண்டிய தேவையே இல்லை. பை விகிதமுறா எண் என்பதை லாம்பர்ட் 1761இல் நிறுவினார். ஒரு முழு எண்ணை இன்னொரு முழு எண்ணால் வகுத்த ஈவு, பின்னத்தால் பெருக்கிய பையாக ஒருநாளும் இருக்க முடியாது. எத்தனை இலக்கம் ஒத்துப்போனாலும் அந்த வழி முன்பே அடைபட்டது.

சாத்தனாரின் மணிமேகலை 29ஆம் காதையில் பௌத்தத் தருக்கம் விரிவாக வருகிறது. அதில் ஏதுப் போலிகளில் ஒன்றாக அநைகாந்திகம் சொல்லப்படுகிறது. நிறுவ வேண்டியது உள்ள இடத்திலும் அது இல்லாத இடத்திலும் ஒருங்கே காணப்படும் காரணம் எதையும் நிறுவாது என்பது அதன் சாரம். 'இலக்கங்கள் ஒத்துப்போகின்றன, ஆகவே இதுதான் அந்த எண்' என்பது அப்படிப்பட்ட ஏது. இலக்க ஒப்புமை உண்மையான பின்னத்துக்கும் உண்டு, அதன் பக்கத்தில் நிற்கும் பொய்யான பையின் மடங்குக்கும் உண்டு. பெரும்பாலும் சரியாக வருவது அந்த ஏதுவைச் சரியாக்கிவிடாது. கணக்குப் பாடத்தில் தொடங்கிய இந்தப் பழக்கம், சில அடையாளங்கள் பொருந்தியதும் ஆளை அடையாளம் கண்டுவிட்டதாகச் சொல்லும் எல்லா இயந்திரங்களிடமும் இன்று இருக்கிறது. அதனால்தான் இந்தச் சிறு பிழை கவனத்துக்கு உரியது.

இரண்டு வழிகளுக்கும் உள்ள வேறுபாட்டைக் கைவேலையிலும் காக்கலாம். கணக்கு முழுவதையும் பின்னத்திலேயே நடத்தி, கடைசி வரியில் மட்டும் தசமமாக்கினால் போகும் வழியின் உறுதி கெடாது. திரும்பி வந்த பின்னத்தை ஏற்பதற்கு முன், அந்த எண் எங்கிருந்து பிறந்தது என்று பார்க்க வேண்டும். அளவுகோலிலோ தராசிலோ பிறந்த 0.3333க்கு 1/3 என்பது ஒரு கருதுகோள் மட்டுமே. வகுத்தலில் பிறந்ததானால் மூல எண்களை எடுத்துப் பெருக்கிச் சரிபார்க்கலாம். 2இன் வர்க்கமூலமாகப் பிறந்ததானால், 1.414213562க்கு எந்தப் பின்னத்தை இயந்திரம் நீட்டினாலும் அதை ஏற்க முடியாது.