நகலின் நாணயம்

ப்ளேஸ்டேஷன் 2 என்ற விளையாட்டுக் கருவிக்கு முதுமை லென்ஸில் தொடங்குகிறது. சில வட்டுகளைப் படிக்கும். சிலவற்றைச் சுழற்றிப் பார்த்துவிட்டு மறுக்கும். பிறகு ஒருநாள் எதையுமே படிக்காது. வட்டுகளின் நிலையும் அப்படித்தான். ஒரு ஆழமான கீறல் போதும். புனேயின் மழைக்கால ஈரத்தில் அலமாரிக்குள்ளேயே பூஞ்சை படிந்தாலும் போதும். 2000 மார்ச்சில் ஜப்பானில் வெளிவந்து, 2013 தொடக்கத்தோடு உற்பத்தி நின்றுபோன கருவி அது. பதினைந்து கோடிக்கும் மேல் விற்றிருந்தாலும் இனிப் புதிதாக ஒன்று வரப்போவதில்லை. இருப்பதைப் பழுதுபார்த்துத்தான் ஓட்ட வேண்டும். மின்னணு உதிரிப்பாகம் எதுவானாலும் புனேக்காரர் முதலில் போய் நிற்கும் இடம் புத்வார் பேட்டையின் தாப்கீர் கல்லி. சென்னைக்கு ரிச்சி தெரு எப்படியோ அப்படி.

லென்ஸ் தேடி அலைய மனமில்லாதவர்கள் வேறு வழி கண்டார்கள். காசு கொடுத்து வாங்கிய வட்டைக் கணினியில் போட்டு, முழுவதையும் ஒரே கோப்பாக நகலெடுத்து, ஹார்டு டிஸ்க்கிலோ பென் டிரைவிலோ வைத்து, லென்ஸின் தயவே இல்லாமல் ஆடுவது. கருவி இதற்குத் தானாக இணங்காது. கருவியைத் தயாரித்த நிறுவனம் அச்சிட்ட வட்டில் மட்டுமே இருக்கும் ஓர் அடையாளத்தை அது தேடும். வீட்டுக் கணினியில் எழுதிய வட்டில் அந்த அடையாளம் விழாது. முன்பெல்லாம் அந்தச் சோதனையை ஏமாற்ற உள்ளே மோட் சிப் வைத்துப் பற்றவைத்தார்கள். ‘சிப் போட்ட பி.எஸ்.2’ என்பது நம் ஊர்க் கடைகளில் தனிச் சரக்காகவே இருந்தது. 2008-இல் ஃப்ரீ மெக்பூட் என்ற நிரல் வந்தபின் சால்டரிங் அயர்னுக்கும் வேலையில்லாமல் போயிற்று. 8 எம்.பி. மெமரி கார்டில் அதை எழுதிச் செருகினால், கருவி விழிக்கும்போதே அது முந்திக்கொள்ளும். பிறகு ஓப்பன் பி.எஸ்.2 லோடர் என்ற இன்னொரு நிரல் நகல் கோப்பை எடுத்துக் கருவிக்கு ஊட்டும். கருவியில் உள்ள யு.எஸ்.பி. பழைய 1.1 வகை என்பதால் பென் டிரைவில் போட்டால் காட்சிகள் அங்கங்கே திக்கும். கடைசியாக வந்த சில மாடல்களில் ஃப்ரீ மெக்பூட் வேலை செய்யாது. ஹோம்ப்ரூ என்று சொல்லப்படும் இந்த நிரல்களை எழுதியவர்களுக்கு எந்த நிறுவனமும் சம்பளம் கொடுக்கவில்லை. தம் பொழுதைச் செலவழித்து எழுதி, கேட்டவருக்கெல்லாம் இலவசமாகக் கொடுத்தார்கள்.

இதுவரை சொன்னது வெறும் வேலைமுறை. தன் வட்டை நகலெடுப்பவன், நண்பனின் வட்டை இரவல் வாங்கி நகலெடுத்துவிட்டுத் திருப்பிக் கொடுப்பவன், இணையத்தில் கிடைத்ததையெல்லாம் இறக்கி நிரப்புபவன் ஆகிய மூவரும் அதே மெமரி கார்டைத்தான் செருகுகிறார்கள். மூவரின் திரையிலும் தெரிவது ஒரே பட்டியல். அருகில் உட்கார்ந்து பார்ப்பவருக்குக்கூட வித்தியாசம் தெரியாது. அது தெரிந்த ஒரே ஆள் செருகியவன்.

நம் சட்டமும் ஏறக்குறைய அந்த இடத்துக்கே வந்து நிற்கிறது. 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், 52-ஆம் பிரிவில், முறையாக ஒரு கணினி நிரலை வைத்திருப்பவர் இழப்புக்கும் சேதத்துக்கும் பாதுகாப்பாகப் பிரதி எடுத்துக்கொள்வதை உரிமை மீறலாகக் கருதவில்லை. முறையாகப் பெற்ற நிரலை வணிக நோக்கமின்றிச் சொந்த உபயோகத்துக்குப் பிரதி எடுப்பதையும் அது அனுமதிக்கிறது. விளையாட்டு என்பது நிரல் மட்டுமா, அதிலுள்ள இசைக்கும் ஓவியத்துக்கும் இந்தச் சலுகை எவ்வளவு தூரம் நீளும் என்று வழக்கறிஞர்கள் வாதாடலாம். 2012-இல் சேர்ந்த 65ஏ பிரிவு பூட்டை உடைப்பதைப் பற்றியது. பாதுகாப்புத் தொழில்நுட்பத்தைத் தாண்டிச் செல்பவருக்கு இரண்டு ஆண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு. ஆனால் உரிமையை மீறும் நோக்கத்தோடு தாண்டியிருக்க வேண்டும் என்கிறது சட்டம். நோக்கம்! ஒருவர் வீட்டு வரவேற்பறையில், கதவு சாத்தியபின், பழைய பெட்டி ஒன்றின் முன் அமர்ந்திருப்பவரின் நோக்கத்தை எந்தக் காவலர் வந்து அளப்பார்? சட்டம் எழுதியவர்களுக்கும் இது தெரியாமல் இருந்திருக்காது. அளவுகோலை நம்மிடமே கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார்கள்.

அந்த அளவுகோலை எப்படிப் பிடிப்பது என்று கற்க, புனேவாசிக்கு ஒரு சாலை போதும். லா காலேஜ் சாலையில் 1917-இல் தொடங்கிய பண்டார்கர் கீழ்த்திசை ஆய்வு நிறுவனம் இருக்கிறது. மகாபாரதத்தின் செம்பதிப்பு உருவான இடம். 1919-இல் தொடங்கிய பணி 1966-இல் முடிந்தது. 1,259 சுவடிகளை ஒப்புநோக்கியிருக்கிறார்கள். அவற்றில் நம் பக்கத்துக் கிரந்த ஏடுகளும் உண்டு. எல்லாமே நகல்கள். வியாசர் எழுதிய மூலம் என்று ஒரு ஏடு கிடையாது. பெயர் தெரியாத யாரோ உட்கார்ந்து, மட்கத் தொடங்கிய ஏட்டைப் பார்த்து எழுதியதை, இன்னொருவர் பார்த்து எழுதியிருக்கிறார். அந்தச் சங்கிலியில் ஒரு கை சோம்பியிருந்தால் அந்த வரிசை அங்கேயே அறுந்திருக்கும். தமிழில் எவ்வளவு அறுந்தது என்பது உ.வே.சாமிநாதையரின் வரலாற்றைப் படித்தவர்களுக்குத் தெரியும். அவர் கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலுக்கு ஏடு தேடிப் போனபோது, பழுதுபட்ட ஏடுகளை நெய்யில் தோய்த்து ஹோமத்தில் இட்டுவிட்டதாகச் சொன்னார்கள். எரித்தவர்கள் கெட்டவர்கள் அல்லர், பக்தியோடுதான் எரித்தார்கள். எரிக்குமுன் ஒரு பிரதி எடுக்க யாருக்கும் தோன்றவில்லை, அவ்வளவுதான்.

அதே சாலையில் பிரபாத் ஸ்டூடியோ இருந்த நிலத்தில் 1960-இலிருந்து திரைப்படக் கல்லூரி நடக்கிறது. சற்றுத் தள்ளி 1964-இல் உருவான தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம். அதைத் தன் வாழ்க்கையாகவே ஆக்கிக்கொண்ட பி.கே.நாயர், நல்ல படம், மோசமான படம் என்று தரம் பிரிக்காமல் சேர்த்தவர். நாசிக்கில் பால்கே குடும்பத்தாரிடமிருந்து 1919-ஆம் ஆண்டின் ‘காளிய மர்த்தனம்’ படச்சுருள்களை மீட்டுக் கொண்டுவந்தார். பழைய நைட்ரேட் சுருள் தானே தனக்கு ஆக்சிஜனைத் தந்துகொண்டு எரியும் பொருள்; பற்றிவிட்டால் தண்ணீருக்குள்ளும் அணையாது. 2003 ஜனவரியில் திரைப்படக் கல்லூரி வளாகத்துக் கிடங்கில் தீ பிடித்தபோது ஏராளமான நைட்ரேட் சுருள்கள் போயின. அதற்குமுன் பாதுகாப்பான சுருளுக்கு யாரோ மாற்றிவைத்திருந்த படங்கள் மட்டும் பிழைத்தன. மூலம் எரிந்தபின் அந்தப் பிரதிதான் படம். முதல் தமிழ்ப் பேசும்படமான ‘காளிதாஸ்’, நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’ ஆகியவற்றுக்கு அந்தக் கொடுப்பினையும் இல்லை.

இந்தக் காப்பகத்தில் ஒரு படம் இருக்கிறது. அதன் கதையை நினைத்தால் எந்தப் பக்கம் சாய்வது என்றே புரியாது. சி.வி.ராமன் பிள்ளையின் ‘மார்த்தாண்ட வர்மா’ நாவலை 1933-இல் பேசாப் படமாகத் தயாரித்தார் சுந்தர்ராஜ். நாவலின் உரிமை திருவனந்தபுரத்துக் கமலாலயா புத்தகக் கடையிடம் இருந்தது. அனுமதி வாங்காமல் எடுத்துவிட்டார்கள். படம் வெளியாகிச் சில நாள்களிலேயே வழக்கு. சுருள்கள் புத்தகக் கடைக்காரர் வசம் போய்ச் சேர்ந்தன. தயாரிப்பாளருக்கு அது பெரும் அடி. 1974-இல் அந்தக் கடையிலிருந்துதான் காப்பகம் படத்தைப் பெற்றது. ஊர் ஊராய் ஓடி வெற்றி பெற்ற அந்தக் காலப் படங்கள் தேய்ந்து அழிந்தன. உரிமை மீறிய படம், பறிமுதல் ஆனதாலேயே, நாற்பது ஆண்டு கழித்துக் கையில் கிடைத்தது. உரிமையைக் காக்க எழுந்தவரே காப்பாளர் ஆனார், அவர் அறியாமலேயே. இதை வைத்துக்கொண்டு, உரிமை மீறினால்தான் கலை வாழும் என்று சொல்பவர்களும் இருக்கிறார்கள். உரிமைக்காரன் கையில்தான் கலை பத்திரம் என்பவர்களும் இருக்கிறார்கள். எனக்கு அதில் தெரிவது இவ்வளவே: படம் பிழைத்தது யாரோ ஒருவர் அதைத் தூக்கி எறியாமல் வைத்திருந்ததால். உரிமை யாருக்கு என்ற வழக்கு ஒன்று. பொருள் மிஞ்சுமா என்ற கவலை வேறு. ஒன்றில் வென்றவன் மற்றதிலும் வென்றுவிட்டதாக நினைத்துக்கொள்ளக் கூடாது.

பழைய விளையாட்டுகளின் வாதத்தில் இந்த இரண்டும் எப்போதும் குழம்பிக் கிடக்கின்றன. ‘கடையில் கிடைக்கவில்லை, ஆகவே இறக்கிக்கொண்டேன், யாருக்கு நஷ்டம்?’ என்ற கேள்வியை எளிதாகத் தள்ள முடியாது. 2010-க்கு முன் அமெரிக்காவில் வெளியான விளையாட்டுகளில் நூற்றுக்கு 87 இன்று விலைக்குக் கிடைப்பதில்லை என்று அங்குள்ள வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை 2023-இல் கணக்கிட்டுச் சொன்னது. அதே ஆண்டு மார்ச்சில் நிண்டெண்டோ தன் இரண்டு பழைய கருவிகளின் இணையக் கடையை மூடியது. ஆய்வாளர்கள் நூலகத்துக்கு நேரில் போகாமல், தொலைவிலிருந்தே பழைய விளையாட்டுகளை ஆராயக் கேட்ட விலக்கை 2024-இல் அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் மறுத்துவிட்டது. விற்கவும் மாட்டோம், பார்க்கவும் விடமாட்டோம் என்பது எந்த நியாயத்திலும் சேராது. ஆனால் கிடைக்காமை எனக்குத் தருவது வைத்துக் காக்கும் உரிமையை. என்னிடம் இல்லாத ஒன்றை எடுத்துக்கொள்ளும் உரிமையோ, எடுத்ததைப் பத்துப் பேருக்கு ஹார்டு டிஸ்க்கில் நிரப்பிக் காசு வாங்கும் உரிமையோ அதிலிருந்து பிறக்காது. இலவசமாக எழுதிக் கொடுக்கப்பட்ட நிரலை மெமரி கார்டில் ஏற்றி லாபத்துக்கு விற்கிற கடைகளைப் பார்க்கும்போது எனக்கு வரும் கசப்பு, திருட்டு வட்டு விற்றவனைப் பார்த்துக்கூட வந்ததில்லை.

விலை கட்டுபடியாகவில்லை என்பது இன்னொரு வாதம். அது ஒரு காலத்தில் உண்மையாகவே இருந்தது. நம் நாட்டில் ஒரு தலைமுறை, பர்மா பஜாரிலும் அதைப் போன்ற தெருக்களிலும், எழுதிய வட்டு வாங்கித்தான் இந்த உலகத்தைப் பார்த்தது. அந்தப் பிள்ளைகளை நான் குற்றவாளிக் கூண்டில் ஏற்ற மாட்டேன். அவர்களில் பலர் இன்று புனேயின் ஹிஞ்சவாடிப் பகுதிக் கணினி நிறுவனங்களில் மாதச் சம்பளம் வாங்குகிறார்கள். தாங்கள் எழுதும் நிரலுக்கு விலை கேட்கிறார்கள், கேட்க வேண்டியதுதான். பதினைந்து வயதில் இருந்த ஏழ்மையை நாற்பது வயதிலும் சாக்காகச் சொன்னால் கேட்பவர் சிரிப்பார். வீட்டில் ஒரு பிள்ளை இருந்தால் அது சிரிக்காது, பார்த்துக்கொண்டிருக்கும். அது இன்னும் மோசம்.

ஆசை பெருகும் விதத்தையும் கவனிக்க வேண்டியிருக்கிறது. சொந்த வட்டுகளின் நகல் மட்டும் உள்ள ஹார்டு டிஸ்க்கில் பத்துப் பதினைந்து பெயர்கள் இருக்கும். ஒவ்வொன்றும் எப்போது, யார் வாங்கிக் கொடுத்தது என்று நினைவிருக்கும். ஆயிரம் பெயர் நிரம்பிய பெட்டியின் முன் உட்கார்ந்தவன் ஆடுவதில்லை, பட்டியலை உருட்டிக்கொண்டிருக்கிறான். எதையும் தொடங்கி முடிப்பதில்லை. அவனுக்கு எதுவும் அழியாமல் இருக்கிறது, எதுவும் கிடைக்காமலும் இருக்கிறது.

நடைமுறைக்கு வந்தால் சிக்கல் குறைவு. வட்டு கையில் இருக்கும்வரை நகலும் இருக்கட்டும். வட்டை விற்றால் நகலை அழித்துவிடலாம், அல்லது நகலையும் வாங்குபவரிடமே சேர்த்துக் கொடுத்துவிட்டுத் தன்னிடமுள்ளதை நீக்கிவிடலாம். நண்பனின் வட்டை அவன் வீட்டில் போய் ஆடலாம். பேச்சுக்கும் ஆள் கிடைக்கும். நகலை இணையத்தில் ஏற்ற வேண்டாம். ஹோம்ப்ரூ எழுதியவரிடம் நிரலில் பிழை இருந்தால் சொல்லலாம், நிரல் எழுதத் தெரிந்தால் திருத்தியும் அனுப்பலாம். வாங்கிய இடத்துக்கே ஏதாவது திரும்பிப் போகிற வழி இது ஒன்றுதான்.

நம் நாட்டிலேயே ஒரு வட்டு இருக்கிறது, யாராவது காப்பாற்ற வேண்டியது. ஹைதராபாத்தின் ஆரோனா டெக்னாலஜீஸ் செய்து, 2009-இல் பி.எஸ்.2-க்கு வந்த ‘ஹனுமான்: பாய் வாரியர்’. இந்தக் கருவிக்கு இந்தியாவிலேயே உருவான முதல் விளையாட்டு. தெய்வத்தைப் பொத்தான் அழுத்தி ஆட்டிவைப்பதா என்று வெளிநாட்டில் எதிர்ப்பு எழுந்தது, விமர்சகர்களும் பாராட்டவில்லை. அதே ஆண்டு, அதே ஊரின் கேம்சாஸ்திராவிடமிருந்து, நம் தெரு விளையாட்டுகளைத் திரைக்குக் கொண்டுவந்த ‘தேசி அட்டா’ வெளிவந்தது. சுமாரான விளையாட்டுகள்தாம். நாயர் இருந்திருந்தால் அந்தச் சொல்லுக்காகவே என்னை முறைத்திருப்பார். 1954-ஆம் ஆண்டின் நூல் வழங்கல் சட்டப்படி, இந்தியாவில் வெளியாகும் ஒவ்வொரு புத்தகமும் சென்னை கன்னிமாராவுக்கும் கொல்கத்தா, மும்பை, தில்லி நூலகங்களுக்கும் போக வேண்டும். அந்தச் சட்டம் பேசுவது புத்தகத்தையும் செய்தித்தாளையும் பற்றி மட்டுமே. திரைப்படத்துக்கு லா காலேஜ் சாலை இருக்கிறது. விளையாட்டு வட்டு இரண்டிலும் சேராது. அதற்கு இப்போதைக்கு வாய்த்த காப்பகம் யாரோ ஒருவர் வீட்டு அலமாரி.

அந்த அலமாரிக்காரர் நகலெடுத்தபின் ஒரு தாளில் சிலவற்றை எழுதி வைக்க வேண்டும்: எந்த வட்டிலிருந்து, எந்தத் தேதியில், எந்த நிரலால் எடுத்தது, உடன் வந்த கையேடு எங்கே, வட்டு எந்தப் பெட்டியில் இருக்கிறது. பின்னாளில் அந்த ஹார்டு டிஸ்க்கைத் திறக்கும் மகனோ மருமகளோ, இது எப்படி நம் வீட்டுக்கு வந்தது என்று கேட்டால், அவரை எழுப்பிக் கேட்க வேண்டியிராது.