போலியும் பொய்யும்

வெண்திரையில் ஒருவன் வெண்பனிமீது நடக்கிறான். அவன் காலடியில் பனி நெரியும் ஓசை நம் செவியில் விழுகிறது. அவ்வோசை பனியினின்று எழுந்ததன்று. ஒலிப்பதிவுக் கூடமொன்றில், சோளமா நிரப்பிய தோற்பையைப் பிசைந்து ஒரு தொழிலாளி எழுப்பியது. எலும்பு முறியும் ஓசை செலரித் தண்டிலிருந்தும், குதிரைக் குளம்போசை தேங்காய்ச் சிரட்டையிலிருந்தும் பிறக்கின்றன. அவ்வாறாயின் நாம் ஏமாற்றப்படுகிறோமா? இவ்வினா எளிதில் தள்ளத்தக்கதன்று.

படப்பிடிப்பின்போது ஒலிவாங்கி நடிகரின் பேச்சையே முதன்மையாகப் பற்றுகிறது. காலடியும் ஆடையின் உரசலும் அதில் தேய்ந்துவிடும். ஆகவே, பின்னர்ப் படத்தைத் திரையிட்டுப் பார்த்துக்கொண்டே, நடிகரின் அசைவோடு இணைத்து அவற்றைப் புதிதாக ஆக்குகின்றனர். 1929இல் 'ஷோ போட்' என்னும் படத்துக்கு யூனிவர்சல் நிறுவனத்தில் ஒலி சேர்த்தோருள் ஒருவரான ஜாக் ஃபோலியின் பெயராலேயே இக்கலை இன்று வழங்குகிறது.

அப்பெயர் தமிழ் நாவில் 'போலி' என ஒலிப்பது தற்செயலே. ஆயினும் நம் இலக்கணம் போலியைப் பொய்யென்று கொள்ளவில்லை. 'அறம்' என்பது 'அறன்' என நிற்கையில் ஓரெழுத்தின் இடத்தில் வேறோரெழுத்து வருகிறது, பொருள் மாறுவதில்லை. கலையில் ஒலியின் நிலையும் இதுவே. பனியில் நடப்பவனின் தனிமையை உணர்த்தச் சோளமா உதவுமாயின் அங்கே பொருள் கெடவில்லை. கதையைக் கதையென்றறிந்தே நாம் காண்கிறோம். விவரணப் படத்தில் அவ்வாறு செய்து, அதனைச் சான்றென்று நம்முன் வைத்தால் மட்டுமே பொருள் மாறுகிறது. அங்கு போலி பொய்யாகிவிடும்.

எனினும் பெரும்பொய் வேறிடத்தில் உள்ளது. 1960இல் வெளிவந்த 'ஸ்பார்ட்டகஸ்' உரோமாபுரி அடிமைகளின் கிளர்ச்சியைக் கூறும் படம். அரசியற் கொள்கைக்காக ஹொலிவூட்டில் விலக்கிவைக்கப்பட்டு, பிறர் பெயரில் எழுதிவந்த டால்ட்டன் ட்ரம்போவின் பெயர் அப்படத்தில் வெளிப்படையாகப் பொறிக்கப்பட்டது. அஃது ஒரு வெற்றியே. ஆயின் அதே படத்துக்கு ஓசையமைத்த ஃபோலியின் பெயர் அங்கில்லை. கவசமணிந்த படையின் ஓசையைத் திறப்புக் கொத்தொன்றைக் குலுக்கி அவர் உண்டாக்கினார் என்பர். 1967இல் அவர் மறைந்தார்.

இன்று இக்கலைஞரின் பெயர்கள் படத்தின் இறுதியில் ஓடும் நீண்ட பட்டியலில் இடம்பெறுகின்றன. அப்போது நாம் எழுந்து வாயிலை நோக்கி நடந்துகொண்டிருக்கிறோம்.

இவர்களின் கலை சிறக்குந்தோறும் இவர்களின் இருப்புப் புலப்படாமற் போவது கலையின் இயல்பாகலாம். உழைத்தவனை மறப்பது கலையின் இயல்பன்று. அது சமுதாயத்தின் பழக்கம். பழக்கத்தை மாற்ற முடியும். சிரட்டையைக் குதிரையென்று நம்பியதற்காக நாம் நாணவேண்டியதில்லை. அச்சிரட்டையைத் தட்டிய கை யாருடையதென்று ஒருமுறையேனும் கேளாதிருந்தமைக்காகவே நாணவேண்டும்.