மெய்யான காட்சியும் பொய்ச்சாட்சியும்

யுத்தகால விவரணப் படமொன்றைப் பற்றிப் பேசும்போது, "காட்டப்பட்டது நடந்ததா, நடிக்கப்பட்டதா?" என்றே நாம் வழமையாகக் கேட்கிறோம். நடந்ததென்றால் உண்மை, நடிக்கப்பட்டதென்றால் பொய். சரி, பிழை போட்டுப் பழகிய ஆசிரியனாகிய எனக்கும் இந்தக் கணக்கு இலகுவானதுதான். ஆனால், இக்கணக்குக்குள் அடங்காத படமொன்று இருக்கிறது.

இன்றைய செக் குடியரசிலுள்ள தெரேசியன்ஸ்டட்டில் நாஸிகள் யூதர்களை அடைத்து வைத்திருந்தனர். 1944 ஜூன் 23இல் சர்வதேச செஞ்சிலுவைச் சங்கப் பிரதிநிதி ஒருவர் அங்கு வரவிருந்தார். அதற்காகக் கட்டடங்களுக்குச் சாயம் பூசப்பட்டது, பூச்செடிகள் நடப்பட்டன, நெரிசல் தெரியாதிருக்க, மே மாதத்திலேயே ஏறத்தாழ 7,500 பேர் ஒஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டனர். வந்தவர் சாதகமான அறிக்கையொன்றை எழுதினார்.

அதன்பின் ஓகஸ்ட், செப்டெம்பர் மாதங்களில் அங்கு ஒரு விவரணப் படம் எடுக்கப்பட்டது. நெறியாள்கைப் பொறுப்பு, கைதிகளில் ஒருவரான குர்ட் கெரோன் மீது சுமத்தப்பட்டது. அவர் ஜெர்மனியில் பெயர்பெற்ற நடிகர்.

படத்தில் உதைபந்தாட்டம் நடக்கிறது. பிள்ளைகள் பாண் உண்கிறார்கள், இசைநாடகமொன்றில் பாடுகிறார்கள். பந்தும் மெய், பாணும் மெய். அந்த இசைநாடகத்தைக் கைதிகள் ஏற்கெனவே பலமுறை மேடையேற்றியிருந்தார்கள். அப்படியானால் பொய் எங்கே?

கமெரா திரும்பாத பக்கத்தில் இருக்கிறது. படப்பிடிப்பு முடிந்து மூன்று வாரம் ஆகுமுன்னே புகையிரதங்கள் புறப்படத் தொடங்கின. செப்டெம்பர் 28 முதல் ஒக்டோபர் 28 வரை 18,000க்கும் மேற்பட்டோர் ஒஷ்விட்ஸுக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். கடைசி வண்டியில் கெரோனும் இருந்தார். அங்கே அவர் கொல்லப்பட்டார்.

அவர் மறுத்திருக்க வேண்டுமென்று கதிரையில் அமர்ந்தவாறு தீர்ப்பெழுத எனக்கு மனம் வரவில்லை. கழுத்தில் கத்தி வைத்துப் பெற்ற சாட்சியத்துக்குக் கத்தி வைத்தவனே பொறுப்பாளி. ஆனால், அறிக்கை எழுதியவரின் கழுத்தில் எவரும் கத்தி வைக்கவில்லை. காட்டியதைப் பார்த்தார், காட்டாததைக் கேட்கவில்லை. பார்வையாளராகிய நாம் கெரோனின் இடத்தில் இல்லை. அவருடைய இடத்திலேயே இருக்கிறோம். இதைப் படமெடுக்க அனுமதித்தவர் யார், எந்தக் கதவு திறக்கப்படவில்லை, இதில் சிரிப்பவர் மறுநாள் எங்கே இருந்தார் என்று கேட்பது நம் கடமை.

1945 மார்ச்சில் நிறைவுற்ற அந்தப் படம் பொதுமக்களுக்குத் திரையிடப்படவே இல்லை. சில துண்டுகளே எஞ்சியுள்ளன. பாடிய பிள்ளைகளுள் பெரும்பாலானோர் கொல்லப்பட்டுவிட்டனர். அவர்கள் அசைந்து, வாய் திறந்து பாடும் காட்சி, கொன்றவர்கள் எடுப்பித்த படத்தில்தான் மிஞ்சியிருக்கிறது. பொய்யை நிராகரிக்கலாம்; அந்த முகங்களை நிராகரிக்க முடியாது.