சாவடிப் பொறுப்பாளரும் நம் தெருக் கடைக்காரரும்



பள்ளி, கல்லூரி திறந்த இந்த வாரங்களில் நம் வண்ணாரப்பேட்டைத் தெருக்களில் உள்ள சின்னச் சின்னக் கம்ப்யூட்டர் கடைகளைப் பார்த்திருப்பீர்கள். துணிப்பையில் ஒரு பழைய லேப்டாப்போடு ஓர் அம்மா வந்து நிற்பார். பல வீடுகளில் அது அரசு கொடுத்தது. 2011 செப்டம்பரில் தொடங்கிய திட்டத்தில் பிளஸ் டூ படித்த மூத்த பிள்ளைக்குக் கிடைத்து, இப்போது இளையவளுக்கு வந்திருக்கும். “ஆன் ஆக மாட்டேங்குது தம்பி” என்பார். அதற்கு மேல் அவருக்கு ஒன்றும் தெரியாது.

என்ன கெட்டிருக்கிறது என்பது கடைக்காரருக்கு மட்டுமே தெரியும். சில நேரம் ராமின் முனைகளில் அழுக்கு ஏறியிருக்கும், அவ்வளவுதான். பிள்ளைகள் பென்சில் எழுத்தை அழிக்கும் ரப்பரால் தேய்த்துத் திரும்பச் செருகினால் திரையில் வெளிச்சம் வந்துவிடும். ஐந்து நிமிட வேலை. அதே அம்மாவிடம் “மதர்போர்டு போயிடுச்சு, ஆறாயிரம் ஆகும்” என்று சொன்னாலும் அவர் நம்பித்தான் ஆக வேண்டும். கழுத்துச் சங்கிலியை அடகு வைத்தாவது கொண்டுவந்து கொடுப்பார்.

கள்ளத் தராசு வேண்டாம் என்று லேவியர் நூலில் ஆண்டவர் தம் மக்களுக்குக் கட்டளையிட்டார். இந்தத் தொழிலில் தராசு கடைக்காரரின் நாக்கில்தான் இருக்கிறது. கடை வைத்திருக்கும் என் சகோதரர்களே, உங்களைக் குற்றம் சொல்ல நான் இதைப் பேசவில்லை. வாடகை, கரண்ட் பில், இணையத்தில் உங்கள் கொள்முதல் விலைக்கும் கீழே விற்கும் பெரிய கம்பெனிகள் என்று உங்கள் கஷ்டம் எனக்குத் தெரியும். ஆனாலும் ஒன்று கேட்கிறேன். எதிரில் இருப்பவருக்குச் சரிபார்க்க வழியே இல்லாதபோது நம் வாயிலிருந்து வரும் சொல் எப்படிப்பட்டது? மருத்துவர், மெக்கானிக், ஆசிரியர், குருவாகிய நான் எல்லாரும் பதில் சொல்ல வேண்டிய கேள்வி இது. நம் பதில் தடுமாறினாலும் ஆண்டவர் கதவைச் சாத்துவதில்லை. வரி வசூலித்து மக்களை ஏமாற்றிய சக்கேயுவின் வீட்டில்தான் அவர் தங்கினார்.

இன்றைய நற்செய்தியில் நல்ல சமாரியரைப் பார்க்கிறோம். அடிபட்டவரைத் தூக்கிச் சென்ற அவரைப் பற்றி எவ்வளவோ பேசியிருக்கிறோம். அடிபட்டவரை அவர் ஒப்படைத்த சாவடிப் பொறுப்பாளரைப் பற்றி நாம் அதிகம் பேசுவதில்லை. இந்த உவமையில் கடை நடத்துகிறவர் அவர் ஒருவர்தான். சமாரியர் அவர் கையில் கொடுத்தது இரண்டு தெனாரியம், அதாவது ஒரு கூலியாளின் இரண்டு நாள் சம்பளம். அதற்கு மேல் ஆகும் செலவைத் திரும்பி வரும்போது தருவதாகச் சொல்லிவிட்டுப் போகிறார். சொன்னவர் வேற்றினத்தார், யூதர்களுக்கு ஆகாதவர். முகவரி இல்லை, ஈடு இல்லை. படுத்திருப்பவர் எப்போது எழுந்திருப்பார் என்றும் தெரியாது. அந்த வாக்கை நம்பி ஒருவர் தம் கடையில் இடம் கொடுத்தார். இரக்கம் செய்த சமாரியரும் “என் வேலை முடிந்தது” என்று போய்விடவில்லை. திரும்பி வருவதாகச் சொன்னார். இரக்கத்தின் பெரும்பகுதி அந்தத் திரும்பி வருவதில்தான் இருக்கிறது என்று நான் நம்புகிறேன்.

திரும்பி வரும் இந்த உறவை நம் கடைகளிலும் பார்த்திருக்கிறோம். எச். வசந்தகுமாரை உங்களுக்குத் தெரியும். குமரி மாவட்டம் அகஸ்தீஸ்வரத்தில் பிறந்து, சென்னைக்கு வந்து விஜிபி நிறுவனத்தில் விற்பனையாளராக வேலை பார்த்தவர். 1978இல் வீட்டு உபயோகப் பொருள் விற்கும் வசந்த் அண்ட் கோவைத் தொடங்கினார். நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தபோது, 2020 ஆகஸ்ட் 28 அன்று கொரோனாவால் இறந்தார். விஜிபியிலும் பிறகு அவர் கடையிலும் நம் வீடுகளுக்குப் பொருள் வந்தது பெரும்பாலும் தவணையில். அந்தத் தவணையைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். வாங்கியவர் மாதாமாதம் அதே கடைப்படி ஏறுவார். ஃபேன் ஓடவில்லை என்றால் பணம் கட்ட வரும்போதே கேட்பார். விற்றவர் முகத்தை மறைத்துக்கொள்ள முடியாது. வாங்கியவர் மட்டுமல்ல, விற்றவரும் கட்டுப்பட்டிருந்தார். பணத்தை வாங்கிக் கல்லாவில் போட்ட பிறகும் அந்த மனிதர் நமக்கு வேண்டியவர் என்று நினைக்கிற கடைக்கே ஜனங்கள் திரும்பி வருகிறார்கள். அக்கம்பக்கத்தாரையும் அழைத்து வருகிறார்கள். கம்ப்யூட்டர் கடையும் அப்படித்தான் வளரும்.

இன்றைய தவணைக்கு முகம் இல்லை. செல்போனில் ஒரு பொத்தானை அழுத்தினால் கடன். கட்டத் தவறினால் யாரோ ஒருவர் உங்கள் உறவினருக்கெல்லாம் போன் செய்து மானத்தை வாங்குகிறார். துறைமுகத்தில் வேலை குறைந்த மாதத்திலும், காசிமேட்டில் தடைக்காலத்தில் படகு கட்டிக் கிடந்த நாட்களிலும் இதை அனுபவித்த குடும்பங்கள் இங்கே உட்கார்ந்திருக்கின்றன. அந்தக் கடனுக்காக உங்களைக் கடவுள் வெறுக்கவில்லை. பதினாயிரம் தாலந்து கடன்பட்டவனைப் பார்த்து மனமிரங்கிய அரசரின் உவமையை இயேசு உங்களுக்காகவும் சொன்னார். வெட்கப்பட்டு வீட்டுக்குள் முடங்க வேண்டாம். பங்கு அலுவலகத்துக்கு வாருங்கள், சேர்ந்து உட்கார்ந்து கணக்குப் பார்ப்போம்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இது என் மனத்தை அழுத்துகிறது. வாடிக்கையாளரை உபசரிக்கிறோம் என்று சொல்லும் முதலாளிகள், அந்த உபசாரத்தை யார் உடம்பிலிருந்து எடுக்கிறோம் என்று பார்க்க வேண்டும். எம்.சி. ரோட்டுத் துணிக்கடைகளில் காலையிலிருந்து இரவு வரை நம் பிள்ளைகள் நின்றார்கள். உட்கார்ந்தால் திட்டு விழும். 2021இல் தமிழக அரசு கடைகள், நிறுவனங்கள் சட்டத்தைத் திருத்தி, ஊழியர்களுக்கு இருக்கை தர வேண்டும் என்று ஆக்கியது. ஒரு நாற்காலிக்குச் சட்டம் தேவைப்பட்டதே! வாங்கப் போகும் நாமும் இதில் பங்காளிகள். பத்துப் புடவையைப் பிரிக்கச் சொல்லிவிட்டு எழுந்து போகிறோம். “இதுக்கு எதுக்குப்பா சர்வீஸ் சார்ஜ்?” என்று ஐம்பது ரூபாய்க்குப் பேரம் பேசுகிறோம். கடையில் வேலை பார்க்கும் அந்தப் பையனுக்கும் வீட்டில் அம்மா இருக்கிறார்.

திருத்தந்தை பிரான்சிஸ் 2015இல் எழுதிய ‘லௌதாத்தோ சி’ சுற்றுமடலில் தொழில் நடத்துவதை மேன்மையான அழைத்தல் என்று குறிப்பிட்டார். கடையைத் திறக்கும் முன் ஷட்டரைத் தொட்டுச் சிலுவை போட்டுக்கொள்ளும் உங்கள் பழக்கத்தை நான் இந்த அர்த்தத்தில்தான் பார்க்கிறேன். அழைத்தவர் நேற்றைய வியாபாரத்தை வைத்து உங்களை எடை போடுவதில்லை. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தில் சரக்கு நனைந்து கடையை மூடியவர்களுக்கும் அவர் ஆண்டவர்தான்.

வரும் வாரத்தில் பணம் கொடுக்க முடியாத ஒருவருடைய பொருளையாவது சரிசெய்து கொடுங்கள். மூன்று மாதம் கழித்து “இப்ப நல்லா ஓடுதாம்மா?” என்று ஒரு போன் செய்து கேளுங்கள்.

இப்போது நம் விசுவாசத்தை அறிக்கையிட எழுந்து நிற்போம். வாரமெல்லாம் நின்று கால் வீங்கிய பிள்ளைகள் உட்கார்ந்தபடியே சொல்லுங்கள்.