காட்சியும் கருணையும்

பிறர் துன்பத்தைப் படத்தில் காண்பது நம் நெஞ்சை இளகச் செய்கிறதா, மரத்துப்போகச் செய்கிறதா? படங்கள் பெருகிவிட்ட இக்காலத்தில் சிந்திக்கும் மாந்தர் எவரும் இவ்வினாவைத் தவிர்த்தல் இயலாது. இதனை நெடுங்காலம் ஆராய்ந்தவர், ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் தத்துவம் பயின்ற அமெரிக்கச் சிந்தனையாளர் சூசன் சாண்டாக் (1933–2004) அம்மையார் ஆவார்.

1945ஆம் ஆண்டில், பன்னிரண்டு வயதுச் சிறுமியாக, கலிபோர்னியாவில் ஒரு புத்தகக் கடையில் நாஜி வதைமுகாம்களின் படங்களை அவர் தற்செயலாகக் கண்டார். அக்காட்சி தம் வாழ்வையே முன், பின் என இரண்டாகப் பிரித்துவிட்டதெனப் பிற்காலத்தில் எழுதினார். அதே நூலில்தான், அதாவது புகைப்படக் கலையைப் பற்றி 1977இல் வெளியிட்ட நூலில்தான், கொடுமைப் படங்களை மீண்டும் மீண்டும் காண்பவரின் மனச்சான்று மழுங்கிவிடும் என்றும் வாதிட்டார்.

1993இல் முற்றுகைக்குள்ளான சரயேவோ நகருக்குச் சென்று, குண்டுகள் விழும் சூழலில் அம்மக்களோடு நாடகம் ஒன்றை அரங்கேற்றினார். 2003இல் போர்ப் படங்களைப் பற்றி எழுதிய நூலில் தம் பழைய கருத்தைத் தாமே ஐயுற்றார். உணர்ச்சியை மழுங்கச் செய்வது படங்களின் பெருக்கம் அன்று. ஒன்றும் செய்யாது வாளா இருக்கும் நம் நிலையே என்பது அவர் கண்ட முடிவு. உலகமே வெறுங்காட்சியாகிவிட்டது எனக் கூறுவது, துன்பத்தைத் தொலைவிலிருந்து மட்டும் காணும் வசதி பெற்றோரின் பேச்சு என்றும் அவர் கண்டித்தார்.

இம்மாற்றம் நம் சிந்தனைக்கு உரியது. 'பார்த்துப் பார்த்து மனம் மரத்துவிட்டது' என்று நாம் கூறும்போது, பழியைப் படத்தின்மேல் சுமத்தி நாம் விலகிக்கொள்கிறோம். பிணியாளரை நாள்தோறும் காணும் செவிலியரின் உள்ளம் அக்காட்சியால் மட்டும் வறண்டுவிடுவதில்லை. அவர் கைகளுக்குப் பணி இருக்கிறது. செயலில் சேராத இரக்கமே விரைவில் உலர்கிறது.

அவ்வாறாயின், உலகின் துன்பம் அனைத்திற்கும் ஒருவர் என் செய்ய இயலும் என்னும் வினா எழும். நியாயமான வினாவே. அனைத்தையும் துடைத்தல் எவராலும் ஆகாது. ஆயினும் இத்துன்பம் எதனால் விளைந்தது, யாரால் விளைந்தது, நம் வசதிக்கும் அதற்கும் தொடர்பு உண்டா என்று கேட்டறிதல் இயலும். படம் துன்பத்தைக் காட்டும், காரணத்தை உரைக்காது. அதனை நாமே தேடிக் கற்றல் வேண்டும்.

அம்மையார் சுட்டிய மற்றொன்றும் உண்டு. தம் நாட்டில் இறந்தோரின் முகங்களை வெளியிடத் தயங்கும் இதழ்கள், தொலைநாட்டு மக்களின் சடலங்களைத் தயக்கமின்றி வெளியிடுகின்றன. இன்று இப்பிழையைச் செய்ய இதழ் நடத்த வேண்டியதில்லை. கையில் ஒரு செல்பேசி இருந்தால் போதும். விபத்தில் வீழ்ந்தவரின் படத்தைப் பிறருக்கு அனுப்புமுன், இவர் நம் உடன்பிறந்தாராயின் அனுப்புவோமா என்று ஒரு கணம் நாம் எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

கண்களை மூடிக்கொள்வது கருணையாகாது. வெறுமனே கண்டு கடப்பதும் கருணையாகாது. காண்பதை அறிவாகவும், அறிவதை இயன்ற அளவு செயலாகவும் ஆக்குவோமாக.