அப்பீல் போய்விட்டதா? எழுந்து நில்லுங்கள்!

“அப்பீல் போச்சு சார், எல்லாம் முடிஞ்சுது.” கோர்ட் வாசல் டீக்கடைகளில் அடிக்கடி கேட்கும் குரல் இது. எப்படிப் போனது? கூப்பிட்டபோது ஆளில்லை, டிஃபால்ட்டில் தள்ளுபடி. எந்தத் தேதியில்? தெரியாது. உத்தரவைப் பார்த்தீர்களா? இல்லை. பார்க்காத உத்தரவுக்காக அழுதுகொண்டிருப்பவர்களைக் கண்டால் எனக்கு இரக்கத்தைவிடக் கோபம்தான் முந்திக்கொண்டு வருகிறது.

நீங்கள் இன்னும் தோற்கவில்லை! உங்கள் பக்கத்து நியாயத்தை அந்த நீதிபதி தொடவே இல்லை. தொடவும் கூடாது. 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41-ஆம் கட்டளை, 17-ஆம் விதியை எடுத்துப் பாருங்கள். அழைக்கும்போது அப்பீல் போட்டவர் வராவிட்டால் தள்ளுபடி செய்யலாம் என்கிறது. ஆனால் வராதவரின் அப்பீலை, வழக்கின் உள்விவகாரத்துக்குள் போய்த் தள்ளுபடி செய்ய அதிகாரமில்லை என்று 1976-இல் ஒரு விளக்கத்தையும் சேர்த்திருக்கிறார்கள். அடுத்து 19-ஆம் விதி: வர முடியாமல் போனதற்குப் போதிய காரணம் காட்டினால், அப்பீலை நீதிமன்றம் மறுபடி கோப்பில் எடுத்தாக வேண்டும். சட்டமே கதவைத் திறந்து வைத்துக்கொண்டு நிற்கிறது. நீங்கள் ஏன் திண்ணையில் உட்கார்ந்திருக்கிறீர்கள்?

இன்றே எழுங்கள். ஏனென்றால் அப்பீலை மீட்கும் மனுவுக்குக் கெடு 30 நாள்தான். அதுவும் உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து அல்ல, தள்ளுபடியான நாளிலிருந்து. காலவரையறைச் சட்டத்தின் 122-ஆம் இனம் அப்படித்தான் சொல்கிறது. இதற்கிடையே அப்பீலோடு சேர்ந்து உங்கள் தடையாணையும் போயிருக்கும். எதிர்த்தரப்பு ஈ.பி. (நிறைவேற்று மனு) போட்டு அமீனாவோடு வாசலுக்கு வரலாம். ஆகவே மீட்பு மனுவோடு தடைக்கும் சேர்த்தே கேளுங்கள்.

கெடு தாண்டிவிட்டதா? அப்போதும் தலையைக் குனிய வேண்டாம். அதே சட்டத்தின் 5-ஆம் பிரிவில் தாமதத்தை மன்னிக்கக் கேளுங்கள். தமிழ்நாட்டு வழக்கு ஒன்று. ஒருதலைத் தீர்ப்பை நீக்கச் சொல்லிப் போட்ட மனு டிஃபால்ட்டில் தள்ளுபடி. வக்கீல் சொல்லவே இல்லை. கட்சிக்காரர் விழித்துக்கொண்டு வந்தபோது 883 நாள் ஓடியிருந்தது. கீழ்க் கோர்ட் மன்னித்தது, உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. அந்த மனிதர் விடவில்லை, டெல்லி வரை போனார். 1998-இல் உச்ச நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. நாள்களின் எண்ணிக்கை முக்கியமல்ல, சொல்லும் காரணம் நம்பத் தக்கதா என்பதே கேள்வி என்றது. ஒரே நிபந்தனை: எதிர்த்தரப்புக்குப் பத்தாயிரம் ரூபாய். அதே மனிதர் நுகர்வோர் மன்றத்துக்கும் போய், அந்த வக்கீல் ஐம்பதாயிரம் நஷ்டஈடு தர வேண்டும் என்று உத்தரவு வாங்கியிருந்தார் என்பது தனிச் சுவாரஸ்யம். (அந்த வழி இன்று இல்லை, வக்கீல் தொழில் நுகர்வோர் சட்டத்துக்குள் வராது என்று 2024-இல் தீர்ப்பாகிவிட்டது.)

வக்கீல் வராததற்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1981-இலேயே சொல்லியிருக்கிறது. வக்கீலை நம்பி ஊரில் இருந்த ஓர் ஏழையின் அப்பீல் அது. செலவுத்தொகை 200 ரூபாயை, வராத வக்கீலிடமே வசூலிக்கச் சொன்னார்கள். அதற்காக எல்லாப் பழியையும் வக்கீல் தலையில் போட்டுவிட்டுத் தப்பலாம் என்று கணக்குப் போடாதீர்கள். விவரம் தெரிந்த ஒரு கம்பெனி அதே பாட்டைப் பாடியபோது, 1993-இல் அதே நீதிமன்றம் ஏற்கவில்லை.

அதனால், அபிடவிட்டில் உண்மையை எழுதுங்கள்! வராத காய்ச்சலுக்கு டாக்டர் சர்டிபிகேட் வாங்காதீர்கள். பஸ் தவறியதா? பஸ் தவறியது என்று எழுதுங்கள். தேதியைத் தப்பாகக் குறித்துக்கொண்டீர்களா? அதையே எழுதுங்கள். தினம் நூறு பொய்யைக் கேட்கிற நீதிபதிக்கு ஓர் எளிய உண்மை உடனே புரியும். ஏற்காவிட்டாலும் அது கடைசிப் படியல்ல. 19-ஆம் விதி மனுவை மறுக்கும் உத்தரவின்மீது 43-ஆம் கட்டளைப்படி அப்பீல் உண்டு.

இனி, பலர் கூசிக் குறுகுவது, மனுவை ஏற்கும்போது கோர்ட் கட்டச் சொல்லும் செலவுத்தொகைக்கு. “காஸ்ட் போட்டுட்டாங்க” என்று ஏதோ குற்றவாளியைப்போல் சொல்கிறார்கள். எதற்கு வெட்கம்? உங்களால் எதிராளிக்கு ஒரு நாள் கூலி போனது, பஸ் காசு போனது, வக்கீல் பீஸ் போனது. அதை ஈடுகட்டுகிறீர்கள், அவ்வளவுதான். கடனைத் தீர்ப்பவர் போல நிமிர்ந்து கொடுங்கள். ஆனால் சொன்ன தேதிக்குள் கொடுங்கள்! நிபந்தனைத் தொகையைக் கட்டாமல் விட்டு, மீண்ட அப்பீலை இரண்டாம் முறை சாகடித்தவர்கள் இருக்கிறார்கள். இதைவிட முட்டாள்தனம் வேறில்லை. பணம் புரளவில்லை என்றால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 148-ஆம் பிரிவில் அவகாசம் கேளுங்கள், வாயை மூடிக்கொண்டு இருக்காதீர்கள்.

வக்கீல் வைக்க வசதியில்லையா? 15100-க்குப் போன் போடுங்கள். சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும், மாற்றுத்திறனாளிகளுக்கும் வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச உதவி உண்டு. தேதி தெரியவில்லையா? உங்கள் வழக்குக்குரிய 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைக் கைபேசியில் தட்டினால் அடுத்த வாய்தா தெரிந்துவிடும். குமாஸ்தாவைக் கெஞ்ச வேண்டாம்.

செலவுத்தொகையை எதிர்த்தரப்பு வக்கீலிடம் கொடுத்து ரசீது வாங்குங்கள். அதை மெமோவோடு கோர்ட்டில் தாக்கல் செய்யுங்கள். பழைய எண்ணிலேயே அப்பீல் எழுந்து வரும். அன்றைக்கே வாதத்துக்குத் தேதி கேளுங்கள். அந்தத் தேதியில் முதல் ஆளாகப் போய் நில்லுங்கள்.